அகமுடையாள் வாசிக்க எழுதினது

அந்த ஜன்னலோரம் அவுகளுக்கே இருக்கட்டும்மா. நீங்க இப்படி எம்பக்கத்துல உக்காருங்க. கண்ணு தெரியாத மனுசனுக்கு ஜன்னல் எதுக்குன்னு நெனக்கீக. வாய் தொறந்து கேக்கல, நெனச்சீக. காத்து மொகத்துல அடிச்சாத்தான் வண்டி ஓடுதுன்னு அவுகளுக்குத் தெரியும். இல்லன்னா அஞ்சு நிமிசத்துக்கு ஒருக்க "ஆவுடை, நின்னுட்டா? ஆவுடை, நின்னுட்டா?"ன்னு கேட்டுக்கிட்டே வருவாக.

இப்பத் தூங்குதாக. ரயில் ஏறுனா எப்பவும் அப்படித்தான். நான் பையப் பேசுதேன். இருங்க, தொண்டைய ஒருக்க செருமிக்கிடுதேன். பேச ஆரம்பிக்க முன்னால எனக்கு ரெண்டு தடவ செருமணும், சின்னப் பிள்ளைலருந்து அப்படி.

நீங்க எது வரைக்கும்? மதுரைதானா? நாங்க திருச்சி. நாளைக்குக் காலைல பத்து மணிக்கு அங்க ஒரு காலேஜ்ல கருத்தரங்கு. முந்நூறு பேர் வாராகளாம், எல்லாம் தமிழ் படிச்சவுக. அவுக கட்டுரைய நான் மைக்குல வாசிக்கணும். இந்தா, இந்தப் பைக்குள்ள இருக்கு, பதினெட்டுப் பக்கம். அதுல பன்னிரண்டாம் பக்கத்த வாசிக்கதா, விட்டுருததா? ரெண்டு நாளா எனக்குச் சோறு எறங்கல. நீங்க யாரோ நான் யாரோ, எறங்கிட்டா முடிஞ்சுது. அதனால உங்ககிட்டச் சொல்லுதேன்.

அவுக தமிழ்ப் பேராசிரியர். முப்பத்தொரு வருசம் ஒரே காலேஜ்ல. குத்தாலநாதன் சார்னா திருநெல்வேலில தமிழ் படிச்சவுக எல்லாருக்கும் தெரியும். இந்தப் பழைய காதல் கதைப் பாட்டெல்லாம் இருக்குல்லா, நானூறு வருசத்துக்கு முந்துனது? ராசகுமாரன் தெருவுல பவனி வருவான், ஊருல உள்ள பொம்பளைக எல்லாம் வளையல் கழண்டு விழ நின்னு பாப்பாளுக. அதுதான் அவுக பாடம். பொம்பளைகள ஏழு வகையாப் பிரிச்சு வச்சிருக்காங்க தெரியுமா? அஞ்சு வயசுப் பேதைல ஆரம்பிச்சு நாப்பது வயசுப் பேரிளம்பெண் வரைக்கும். நாப்பதோட சரி. அதுக்கு மேல பொம்பளையே கிடையாது. எனக்கு அறுபத்திமூணு. நான் எந்தக் கணக்குலயும் இல்ல.

இத்தனையும் கரைச்சுக் குடிச்ச மனுசன், என்னைப் பொண்ணு பாக்க வந்த அன்னிக்குத் தரையப் பாத்துக்கிட்டு இருந்தாக. கல்யாணத்தன்னைக்கு ராத்திரி என்ன கேட்டாக தெரியுமா? "உனக்கு அந்தாதின்னா என்னன்னு தெரியுமா?" சத்தியமா. நான் தெரியும்னேன். எங்க அப்பா தேவாரம் படிக்கவுக, நானும் கூடப் படிச்சு வளந்தவ. "நல்லது"ன்னாக. அந்த ஒரு "நல்லது"தான். மத்தபடி முப்பத்தெட்டு வருசத்துல "புளிக்கொழம்பு சரியா இருக்கு"ன்னு சொல்லியிருக்காக. அதுவும் தீபாவளிக்குத் தீபாவளி. வகுப்புல போயி நின்னு "இவள் கண் கயல், இவள் நடை அன்னம்"னு ஒரு மணி நேரம் சொல்லிட்டு வந்து, வீட்டுல "துண்ட எங்க வச்ச?"ன்னு கேப்பாக. நான் துண்ட எடுத்துக் குடுப்பேன்.

ஆறு வருசத்துக்கு முந்திச் சக்கரை வியாதி கண்ணுல எறங்கிட்டு. மொதல்ல எழுத்து போச்சு, பொறவு மொகம் போச்சு, கடைசில வெளிச்சமும் போச்சு. குளிக்க, சாப்பிட, நடக்கப் பழகிட்டாக. படிக்க முடியலயேன்னுதான் அழுதாக. அப்பத்தான் வந்தா சுகிர்தா.

சாத்தான்குளம் பக்கத்துப் பிள்ள. ஆராய்ச்சி பண்ணுதா. ஒரு வீட்டுப் பரணுல கெடந்த ஓலைச்சுவடியக் கண்டுபிடிச்சு, அதுல உள்ள பாட்ட நோட்டுல பேத்து எழுதிக்கிட்டு வந்தா. இதுவரைக்கும் யாரும் அச்சுல போடாத கதையாம். நீலமஞ்சரி கதை. சார்தான் கேட்டுத் திருத்தி, முன்னுரை எழுதணும்னு வந்து நின்னா. வாரத்துல மூணு நாள் சாயங்காலம். கூடத்துல அவுக நாற்காலில இருப்பாக, இவ எதுக்க உக்காந்து நோட்ட வச்சு வாசிப்பா.

குரல் நல்ல குரல்தான், இல்லங்கல. வெண்கலப் பானைல தண்ணி விட்டாப்புல இருக்கும். ஆனா என்னத்த வாசிக்கா? நான் அடுப்படில வாழைக்காய் நறுக்கிக்கிட்டு நிக்கேன். அங்க அவ நீலமஞ்சரியோட கூந்தல்ல ஆரம்பிச்சு நெத்திக்கு வாரா, கண்ணுக்கு வாரா, கழுத்துக்கு வாரா, அதுக்குக் கீழயும் எறங்குதா. ஒரு கூச்சம் இல்ல, நாச்சம் இல்ல. இருபத்தாறு வயசு! இந்தா பாருங்க விரல்ல தழும்பு, அன்னிக்கு வெட்டுனதுதான். அவ ஒரு பாட்ட முடிச்சா. அவுக என்ன சொன்னாக தெரியுமா? "ஆகா!"

எங்க வீட்டுல அந்தச் சத்தத்த நான் கேட்டதே இல்லம்மா. "ஆகா! திரும்ப வாசி சுகிர்தா"ன்னாக. எனக்கு அடிவயிறு எரிஞ்சுது. அந்தப் பிள்ள மேலயா, ஓலைல கெடக்க அந்த நீலமஞ்சரி மேலயா, யாரு மேல எரியுதுன்னு அப்பத் தெரியல. ரெண்டு பேர் மேலயும்தான், வேற யாரு மேல?

மறுநாளே சொல்லிட்டேன். "அந்தப் பிள்ள எதுக்கு அம்புட்டுத் தூரத்துலருந்து பஸ் ஏறி வரணும்? நோட்டக் குடுத்துட்டுப் போகட்டும், நான் வாசிக்கேன். தேவாரம் வாசிக்கிற நாக்குக்கு இது ஏறாதா?"ன்னேன். "நீயா?"ன்னாக. "ஏன், நான் வாசிச்சா கசக்குமா?" "இல்ல ஆவுடை. வாசி"ன்னாக. சுகிர்தாவுக்கும் அந்த மாசமே கோயம்புத்தூர்ல வேல கெடச்சுப் போச்சு. நோட்டுகளத் தபால்ல அனுப்புனா, மொத்தம் ஒம்பது.

கதையச் சொல்லுதேன், கேளுங்க. ஒரு ராசகுமாரன் நீலமஞ்சரியோட படத்தப் பாத்து மயங்கி விழுதான். பாத்த ஒடனே விழுந்துருவானுக, எந்தக் கதைல பாருங்க. அவளத் தேடி வந்து, சேந்து, பொறவு எவனோ ஒரு ராசாகிட்ட மாட்டிச் செறைக்குப் போயிருதான். இவ சும்மா உக்காந்து அழல. முடிய அள்ளிக் கட்டித் தலப்பா வச்சு, ஆம்பள வேசம் போட்டு, வியாபாரி மாதிரிக் கப்பல் ஏறிப் போறா. போற நாட்டுல ஒரு ராசகுமாரி இவள ஆம்பளன்னு நெனச்சு ஆசப்பட்டுருதா. கல்யாணமே நடந்து போகுது. இவ "எனக்கு ஆறு மாசம் விரதம்"னு சொல்லிப் படுக்கைக்கு நடுவுல கத்திய வச்சுப் படுக்கா. நல்ல கதைதான். இந்தக் கேசாதிபாதம் இல்லன்னா இன்னும் நல்ல கதை.

கேசாதிபாதம்னா முடிலருந்து கால் வரைக்கும் ஒவ்வொண்ணா வர்ணிக்கது. மொத நாள் வாசிக்க உக்காந்தேன், நேரா அந்த எடந்தான் வருது. மேகம்ங்கான், வில்லுங்கான், சங்குங்கான், கொடம்ங்கான், வாழத்தண்டுங்கான். ஒரு பொம்பளைய வர்ணிக்கானா, சந்தைக்குப் போக லிஸ்ட் போடுதானா? நான் இதத் தொண்ட கிழிய வாசிக்கணும். அவுக "ஆகா"ன்னு கேக்கணும். யார நெனச்சு அந்த ஆகா?

"இருங்க, அடுப்புல என்னமோ தீயுது"ன்னு எந்திரிச்சுப் போனேன். அடுப்புல ஒண்ணும் இல்ல. சும்மா நின்னேன், பெருங்காய டப்பாவ எடுத்து வச்சேன், முந்தானைல கையத் தொடச்சேன், வந்தேன். வந்து ரெண்டு தடவ செருமிட்டு, அந்தப் பாட்டையெல்லாம் தள்ளி, அவ தோழிகிட்டப் பேசுத எடத்துலருந்து வாசிச்சேன். அவுகளுக்கு ஒண்ணும் தெரியல. கண்ணு தெரியாத மனுசனுக்கு எப்படித் தெரியும்?

பொறவு அதுவே பழக்கமாப் போச்சு. எங்கெங்க அவ அழகு வருதோ அங்கங்க எனக்கு அடுப்புல தீயும். தெருவுல நின்னு பாக்கிற ஏழு வகைப் பொம்பளைகளையும் விட்டேன். மொத்தம் எண்பத்திநாலு பாட்டு. பென்சில்ல புள்ளி வச்சிருக்கேன் நோட்டுல.

ஒண்ணு சொல்லிருதேன், தப்பா நெனச்சுராதீக. அவுக ரெண்டு பேரும் சேந்து இருக்க பாட்டு இருக்குல்லா, அதுல ஒண்ணையும் நான் விடல. கட்டில்ல நடக்கதக் கவிராயன் முப்பது பாட்டுல எழுதி வச்சிருக்கான், அத்தனையும் வாசிச்சேன். அது கதைக்கு வேணும்லா. நான் கல்யாணம் ஆனவதான, அதுல என்ன வெக்கம்? அவ அழகுதான் எனக்கு ஆகாது, அவ ஆசை இல்ல. அவ ஆம்பள வேசத்துல திரியுத பாகம் முழுக்க நல்லா நிறுத்தி நிதானமா வாசிச்சேன். அங்க ஒருத்தனும் அவ இடுப்பப் பாக்கல, நிம்மதி.

இந்த விரதம்னு நம்பி ஏமாந்த ராசகுமாரி இருக்காள்ளா, அவ எடம் வரும்போது கண்ணாடியக் கழத்தித் தொடச்சுட்டுத்தான் வாசிச்சேன். உண்ம தெரிஞ்ச பொறவும் அவ நீலமஞ்சரி கையப் புடிச்சுக்கிட்டு, நீ யாரா இருந்தா என்ன, போகாதங்கா. கடைசில பாத்தா அவளையும் அந்த ராசகுமாரனுக்கே கட்டி வச்சு, மூணு பேரும் சொகமா இருந்தாகன்னு முடிச்சிருக்கான். அன்னிக்கு அவுக மொத மொத எங்கிட்டக் கேட்டாக, "ஆவுடை, உனக்கு என்ன தோணுது?" நான் சொன்னேன், "அந்தப் பிள்ள ஆசப்பட்டது இவ மேல. அவன அது கண்ணெடுத்தும் பாத்திருக்காது. கவிராயன் ஆம்பளல்லா, அவனுக்கு ஒரு ஆம்பளகிட்டக் கொண்டு போயி முடிச்சாத்தான் தூக்கம் வரும்."

அவுக அத எழுதி வைன்னாக. இப்பக் கட்டுரைலயும் வந்திருக்கு, நாலாம் பக்கத்துல. எப்படித் தெரியுமா? "ஒரு வாசகி குறிப்பிட்டது போல." ஒரு வாசகியாம்! எம்பேரப் போட்டா என்ன கொறஞ்சா போகும்? என் வாயால சொல்ல வச்சு, என் கையாலயே "ஒரு வாசகி"ன்னு எழுத வைக்காக.

சாத்தூர் வந்துட்டா? சேவு வாங்கணுமா உங்களுக்கு? எனக்கு வேண்டாம்மா, அவுகளுக்கு எண்ணெய் ஆகாது, நான் மட்டும் எப்படித் திங்க.

எங்க விட்டேன்? ஆங். ஒம்பது நோட்டும் முடிஞ்சுது. ஒருநாள் காலைல காப்பி குடிச்சுக்கிட்டே சொல்லுதாக, "ஆவுடை, பெரிய விசயம் கண்டுபிடிச்சிருக்கேன். தமிழ்ல வேற எந்தக் காதல் கதைலயும் இல்லாதது. இந்தக் கவிராயன் பொண்ணோட உடம்ப வர்ணிக்கவே இல்ல. ஒரு பாட்டுல கூட இல்ல! மொதல்ல சுகிர்தா வாசிச்சது பின்னால எவனோ சொருகுனதா இருக்கும். அவ ஆம்பள வேசம் போட்ட பொறவுதான் அவளக் கண்ணால பாக்கான். என்ன தைரியம் பாரு அவனுக்கு! 'உடல் பாடாத காப்பியம்'னு தலைப்பு. திருச்சிக்கு இதத்தான் எழுதப் போறேன்."

எனக்கு உசுரு போயிட்டும்மா. கவிராயன் பாவம், அவன் எண்பத்திநாலு பாட்டு எழுதித்தான் வச்சான். இவுக முந்நூறு பேர் முன்னால போயி அப்படி ஒண்ணு இல்லவே இல்லன்னு சொல்லப் போறாக. அந்தச் சுகிர்தா ஒரு வார்த்த சொன்னாப் போதும், இந்த வயசுல குத்தாலநாதன் சார் பேரு சந்தி சிரிச்சுரும். சொல்லிரணும்னு தெனம் நெனப்பேன். வாய் வரைக்கும் வரும். சொன்னா என்ன செய்வாக? "சரி, அந்த எண்பத்திநாலையும் இப்ப வாசி"ம்பாக. ஒரே மூச்சுல அத்தனையும் நான் வாசிக்கணும், அவுக ஆகா ஆகான்னு கேக்கணும். அது என்னால முடியாது. ரெண்டு மாசம் அப்படியே ஓட்டுனேன். என் நெலம பாருங்க, புருசன் மானம் போனாப் போகட்டும், அவ அழகு மட்டும் வீட்டுக்குள்ள வரக்கூடாதுன்னு உக்காந்திருந்தேன்.

அப்பறம் ஒரு நாள் ரேசன் கடைக்குப் போயிட்டு வாரேன். அவுக போன்ல பேசிக்கிட்டிருக்காக. "அப்படியா... அது முழுக்கவா... நல்லாப் பாத்தியா"ன்னு கேட்டுக்கிட்டே இருந்தவுக, போன வச்சுட்டு அப்படியே நாற்காலில சாஞ்சு, தன்னந்தனியா "ஆகா!"ன்னாக. பொறவு சிரிக்காக, கண்ணுல தண்ணி வர அளவுக்குச் சிரிக்காக. சுகிர்தாதான் பேசுனதுன்னு எனக்குத் தெரிஞ்சு போச்சு. அவ பேசுனாத்தான ஆகா வரும்?

என்னன்னு கேட்டேன். அந்தப் பிள்ள இன்னொரு சுவடி கண்டுபிடிச்சிருக்காளாம். அதே நீலமஞ்சரி கதை, இருநூறு வருசத்துக்கு முந்தி எழுதுனது. "ஆவுடை, நம்ம சுவடில கேசாதிபாதம் இருக்காம். அந்த இன்னொரு சுவடில இல்லயாம். யாரோ விட்டிருக்காக"ன்னாக. கையில இருந்த சீனிப் பையக் கீழ போட்டுட்டேன். மாட்டிக்கிட்டோம்னு நிக்கேன். அவுகளே சொல்லுதாக, "நீ வாசிக்கும்போது நான் கண்ணசந்துட்டேன் போல. வயசாயிட்டுல்லா." நான் விடுவேனா? "ஆமா, கொறட்ட விட்டீக. எழுப்ப மனசு வரல"ன்னேன். "அப்படித்தான் இருக்கும்"னாக. சாமியாப் பாத்துக் காப்பாத்துச்சு. இத்தன படிச்சும் இந்த மனுசன் ஒரு வெகுளி, என்ன சொன்னாலும் நம்பிருவாக.

கட்டுரை மாறிட்டு. பழைய தலைப்பு போச்சு. இப்ப என்ன தலைப்புன்னா, "அகமுடையாள் வாசிக்க எழுதினது." அந்த ரெண்டாஞ் சுவடில கடைசி ஓலைல அப்படித்தான் இருக்காம். அந்தக் காலத்துல ஒருத்தர் வாசிக்க ஒருத்தர் எழுதித்தான் சுவடியப் பேத்து எழுதுவாக. எழுதுனவன் பேரு, ஊரு, எழுதி முடிச்ச நாளு எல்லாம் போட்டு, "என் அகமுடையாள் வாசிக்க எழுதினது"ன்னு முடிச்சிருக்கான். அகமுடையாள்னா பொஞ்சாதி. எழுதுனவன் பேரு இருக்கு. வாசிச்சவ பேரு இல்ல.

இந்த மனுசன் அவளப் புடிச்சுக்கிட்டாக. அவதான் அந்தப் பாட்டையெல்லாம் விட்டவளாம். அவ யாரு, எப்பேர்ப்பட்டவ, ஏன் விட்டா. பதினஞ்சு நாளா எங்க வீட்டுல இதே பேச்சு. சாப்பிடும்போது அவ, நடக்கும்போது அவ. பத்து நாள் எனக்கு எழுதச் சொன்னாக, அவுக சொல்லச் சொல்ல நான் எழுதுனேன். பதினொண்ணாம் பக்கம் வரைக்கும் சரிதான், ஆராய்ச்சி. பன்னிரண்டாம் பக்கத்துல ஆரம்பிச்சாக பாருங்க. இந்தா, எடுக்கேன். என் கண்ணாடி எங்க... இந்தா இருக்கு. கேளுங்க, பையத்தான் வாசிக்கேன்.

"அவள் கூச்சத்தால் விட்டாள் என்று அறிஞர்கள் சொல்லக்கூடும். கூச்சப்பட்டவள் கலவிப் பாடல்களை அல்லவா விட்டிருப்பாள்? அவற்றில் ஒன்றையும் அவள் விடவில்லை. நாயகியின் அழகைப் புகழும் இடங்களை மட்டுமே விட்டிருக்கிறாள். இது கூச்சமன்று, பொறாமை. பொறாமை இருக்கும் இடத்தில் ஆசை இருக்கிறது. நம் புலவர்கள் நாற்பது வயதோடு பெண்ணின் ஆசையை முடித்துவிட்டார்கள். அதற்குப் பிறகும் ஒருத்திக்குத் தன் கணவன் மேல் ஆசை இருந்தது என்பதற்கு, எனக்குத் தெரிந்து, தமிழில் ஒரே சான்று அவள் வாசிக்காமல் விட்ட பாடல்களே."

பாத்தீகளா? பொறாம புடிச்சவளாம், அதுக்குப் பாராட்டாம்! இன்னும் இருக்கு.

"அவள் எப்படி வாசித்திருப்பாள் என்று எண்ணிப் பார்க்கிறேன். தொடங்குமுன் இருமுறை தொண்டையைச் செருமிக்கொள்வாள். விட வேண்டிய இடம் வந்ததும், அடுப்பில் ஏதோ தீய்கிறது என்று எழுந்து போவாள். தீயும் வாசனை வராது. திரும்பி வந்து அமரும்போது பெருங்காய வாசனை வரும். எழுதுகிறவன் எழுத்தாணியை நிறுத்திக் காத்திருப்பான். அவள் எப்படி இருந்தாள் என்று எந்த ஓலையிலும் இல்லை. அந்தக் குரலைக் கேட்டவனுக்கு முகம் ஒரு குறையாகத் தோன்றியிருக்காது."

பெருங்காயம்! ஓலைல பெருங்காய வாசன அடிக்குமா? இருநூறு வருசத்துக்கு முந்திச் செத்துப் போனவ செருமுனது இவுகளுக்கு எப்படித் தெரியும்? எல்லாம் கற்பன. ஒரு பொம்பளையப் பத்தி இம்புட்டு யோசிச்சிருக்காக. நான் பக்கத்துலயே உக்காந்து எழுதிக்கிட்டிருக்கேன், பேனா மை கொட்டிப் போச்சு. இந்தா கறை.

என்ன, நீங்க ஒரு மாதிரிச் சிரிக்கீக? சிரிக்கதுக்கு இதுல என்ன இருக்கு? இல்லம்மா, சொல்லவும் வேண்டாம், நான் முடிச்சுருதேன். அழுத மாதிரியும் இருக்கு உங்களப் பாத்தா. தூசி விழுந்துட்டோ? அந்த ஜன்னல எறக்கச் சொல்லட்டா?

அன்னிக்கு எனக்குத் தாங்கல. பேனாவ வச்சுட்டுக் கேட்டுட்டேன். "இப்படி உருகுதீகளே, அவ மொகத்த நீங்க பாத்தீகளா?"ன்னேன். அவுக என்ன சொன்னாக தெரியுமா? "பாத்து ரொம்ப நாளாச்சு ஆவுடை"ன்னாக! இருநூறு வருசத்துக்கு முந்துனவளப் பாத்து ரொம்ப நாளாச்சாம்! சக்கரை கூடிப் போச்சோன்னு பயந்து டாக்டர்கிட்டக் கூட்டிட்டுப் போனேன். அவரு எல்லாம் சரியா இருக்குன்னுட்டாரு. அப்பக் கிறுக்கும் இல்ல. தெரிஞ்சேதான் சொல்லுதாக.

திருச்சிக்காரங்க போன்ல சொன்னாக, ஐயா சிரமப்பட வேண்டாம், எங்க மாணவி யாராவது கட்டுரைய வாசிக்கட்டும்னு. இவுக ஒரே பிடியா நின்னுட்டாக. "வேற யாரும் வாசிக்கக் கூடாது. ஆவுடைதான் வாசிக்கணும்." அந்த நீலப் பட்ட வேற எடுத்து வைக்கச் சொன்னாக. என்னத்துக்கு? கலரு தெரியுமா இவுகளுக்கு? பட்டக் கட்டிக்கிட்டு மைக்கு முன்னால போயி நின்னு, முந்நூறு பேர் கேக்க, எவளோ ஒருத்தியோட கொரலப் பத்தி நான் எங்கொரல்ல வாசிக்கணும். எப்படி இருக்கு நியாயம்? முப்பத்தெட்டு வருசம் கூட இருந்த எனக்குப் புளிக்கொழம்பு சரியா இருக்கு. பேரு தெரியாத அவளுக்கு ஒரு முழுப் பக்கம்.

சுகிர்தாவக் கூட நான் இப்பப் பொறுத்துக்கிடுவேன். நீலமஞ்சரியையும் பொறுத்துக்கிடுவேன், அவ ராசகுமாரி, பொறந்ததே பாட்டுல வரதுக்குத்தான். இவ யாரு? என்னைய மாதிரி அடுப்படில நின்னவதான? அவளுக்கு மட்டும் எப்படிம்மா அது வாய்ச்சுது? நெனைக்க நெனைக்க ஆறல எனக்கு. அந்த எழுதுனவன் எழுத்தாணிய நிறுத்திட்டுக் காத்திருந்தானாமே.

மதுரை வரப் போகுது, நீங்க பைய எடுத்து வச்சுக்கிடுங்க. என்ன, கட்டாயம் வாசிங்கங்கீகளா? எம்புட்டு அழுத்திச் சொல்லுதீக! கையெல்லாம் புடிக்கீக! உங்களுக்கு இப்பத்தான கல்யாணம் ஆயிருக்கு, போகப் போகத் தெரியும். இல்லம்மா, உங்ககிட்டச் சொல்லச் சொல்ல எனக்கு மனசு தெளிஞ்சுட்டு. பதினொண்ணாம் பக்கத்த முடிச்சதும் ரெண்டு தடவ செருமிட்டு, பதிமூணாம் பக்கத்துக்குப் போயிருவேன். அம்புட்டுதான். பன்னிரண்டக் கிழிச்சுப் போட மாட்டேன், பைக்குள்ளயே இருக்கட்டும். கண்ணு தெரியாத மனுசன், எங்க தெரியப் போகுது அவுகளுக்கு?

பாத்து எறங்குங்க, படி ஒசரம். அங்க பாருங்க அவுகள, தூக்கத்துலயே சிரிக்காக. அவளத்தான் நெனச்சுக்கிட்டு இருப்பாக.